காங்கோவில் சுரங்க வேலை: ஐந்து வாரத்தில் கிளம்புகிறவர் செய்ய வேண்டியவை

கேள்வி: நான் டிப்ளமோ மெக்கானிக்கல் படித்தவன், வயது 29. சிமென்ட் ஆலையில் பராமரிப்புப் பிரிவில் வேலை பார்க்கிறேன். காங்கோ நாட்டில் கொல்வேசி என்ற ஊரில், செம்புச் சுரங்கத்தை ஒட்டிய ஆலையில் ஒரு வருட ஒப்பந்தத்துக்கு அழைப்பு வந்திருக்கிறது. ஐந்து வாரத்தில் கிளம்ப வேண்டுமாம். "முதலில் டூரிஸ்ட் விசாவில் போங்கள், அங்கே போய் மாற்றிக்கொள்ளலாம்" என்கிறார் ஏஜென்ட். கோமா நகரத்துச் சண்டையை டிவியில் பார்த்ததிலிருந்து அம்மா போகவே கூடாது என்கிறார். போகலாமா? என்னென்ன ஊசி போட வேண்டும்? மலேரியா மாத்திரையைத் தினமும் சாப்பிட வேண்டுமா? பொடி, ஊறுகாய் எடுத்துப் போகலாமா?
– வாசகர், தென்காசி மாவட்டம்

பதில்: அம்மாவின் பயத்திலிருந்தே தொடங்குவோம். அவர் பார்த்த சண்டை உண்மை. 2025 ஜனவரி கடைசியில் எம்23 என்ற கிளர்ச்சிப் படை கோமாவைப் பிடித்தது, பிப்ரவரியில் புகாவுவைப் பிடித்தது. அப்போது புகாவுவில் இருந்த இந்தியர்களை உடனே வெளியேறச் சொல்லிக் கின்ஷாசாவிலுள்ள இந்தியத் தூதரகமே அறிவிப்புக் கொடுத்தது. ஆனால் அவை நாட்டின் கிழக்கு எல்லையில் இருக்கும் ஊர்கள். நீங்கள் போகும் கொல்வேசி தெற்கே, லுவாலாபா மாகாணத்தின் தலைநகர். கோமாவிலிருந்து நேர்க்கோட்டில் ஆயிரம் கிலோமீட்டர் தாண்டும். காங்கோவை ஒரே நாடாக நினைத்து முடிவெடுக்காதீர்கள். பிரிட்டன் வெளியுறவு அலுவலகம் தன் பயண அறிவுரையில் பகுதி பகுதியாக வண்ணமிட்ட வரைபடம் போடுகிறது. இன்று ஒரு முறை, டிக்கெட் போடுவதற்கு முன் ஒரு முறை, கிளம்பும் வாரத்தில் ஒரு முறை அதைப் பாருங்கள். லுவாலாபா, ஹோ-கட்டாங்கா என்ற இரண்டு மாகாணங்களுக்கும் என்ன போட்டிருக்கிறது என்பதுதான் உங்களுக்கு வேண்டியது.

அதற்காகக் கொல்வேசி பத்திரமான ஊர் என்று சொல்லவில்லை. அங்கே வேலைக்குப் போகிறவருக்கு ஆபத்து பெரும்பாலும் போர்முனையிலிருந்து வருவதில்லை. கொசு, சாலை, கையிலுள்ள காகிதம் ஆகிய மூன்றிலிருந்துதான் வருகிறது. மூன்றுக்கும் ஊரிலிருந்தே தயாராகலாம். உங்கள் ஏஜென்ட் மூன்றாவதிலேயே கோட்டை விட்டிருக்கிறார் என்பதால் அதை முதலில் எடுத்துக்கொள்கிறேன்.

டூரிஸ்ட் விசா யோசனையை இன்றே கைவிடுங்கள். சுற்றுலா விசாவில் ஆலைக்குள் வேலை பார்த்தால் அபராதம், காவலில் வைப்பு, நாடுகடத்தல் எதுவும் நடக்கலாம். மாட்டுவது நீங்கள், ஏஜென்ட் அல்ல. அதைவிடப் பெரிய சிக்கல் வேறு. சட்டப்படி நீங்கள் அங்கே தொழிலாளியே இல்லை என்றாகிவிட்டால், விபத்து நடந்தால் இழப்பீடு கேட்கவோ, சம்பளம் வராவிட்டால் புகார் கொடுக்கவோ கையில் ஒன்றும் இருக்காது. காப்பீட்டு நிறுவனமும் அதைச் சொல்லியே கையை விரிக்கும்.

முறையான வழி இதுதான். வேலைக்கு எடுக்கும் நிறுவனம் அந்நாட்டுத் தொழிலாளர் அமைச்சகத்தில் வெளிநாட்டவருக்கான வேலை அட்டைக்கு விண்ணப்பிக்கும். உங்களுக்கு ஓர் அழைப்புக் கடிதமும், தங்கும் செலவையும் திரும்பும் செலவையும் ஏற்பதாக உறுதிக் கடிதமும் தரும். பிரெஞ்சில் அதை 'பிரீஸ் ஆன் ஷார்ஜ்' என்பார்கள். அது வெறும் லெட்டர்ஹெட் தாளாக இருந்தால் போதாது, அங்கே சான்றுறுதி செய்யப்பட்டிருக்க வேண்டும். அதையும் பாஸ்போர்ட், மஞ்சள் காய்ச்சல் சான்றிதழ், புகைப்படங்களையும் வைத்து டெல்லியிலுள்ள காங்கோ ஜனநாயகக் குடியரசின் தூதரகத்தில் விசா வாங்க வேண்டும். போய்ச் சேர்ந்த பிறகு டிஜிஎம் எனப்படும் குடிவரவுத் துறையில் வேலைக்கான குடியிருப்பு விசாவாக நிறுவனம் மாற்றித் தரும். "அங்கே போய் மாற்றலாம்" என்று ஏஜென்ட் சொல்வதில் இந்தக் கடைசிப் படி மட்டும்தான் உண்மை. முதல் விசாவிலேயே பயண நோக்கம் வேலை என்று இருக்கிறதா, வேலை அட்டைக்கு விண்ணப்பித்த ரசீது எண் என்ன என்று நிறுவனத்தின் மனிதவளப் பிரிவிடம் நேரடியாக மின்னஞ்சலில் கேளுங்கள். ஏஜென்ட் வழியாகக் கேட்காதீர்கள். நிறுவனத்தின் மின்னஞ்சல் முகவரியை அதன் இணையதளத்திலிருந்து நீங்களே எடுங்கள். ஒரு வாரத்துக்குள் தெளிவான பதில் வராவிட்டால் அந்த வேலையே இல்லை என்று வைத்துக்கொள்ளலாம்.

விமான நிலையத்தில் இறங்கி விசா வாங்கிக்கொள்ளலாம் என்று யார் சொன்னாலும் நம்பிக் கிளம்பாதீர்கள். 'விசா வொலான்' என்று ஓர் ஏற்பாடு உண்டு. தூதரகம் இல்லாத நாட்டிலிருந்து வருபவருக்காக, அழைப்பவர் கின்ஷாசாவிலேயே முன்அனுமதி வாங்கி அதன் நகலை அனுப்புவார். போலிகள் அதிகம் புழங்கும் காகிதம் அது. டெல்லியில் தூதரகம் இருக்கும்போது உங்களுக்கு அது ஏன் என்று கேளுங்கள்.

இன்னொன்று சின்னதாகத் தெரியும், விமானத்தையே தவறவைக்கும். காங்கோ என்ற பெயரில் இரண்டு நாடுகள் உண்டு. ஒன்றின் தலைநகர் கின்ஷாசா, மற்றதின் தலைநகர் பிராசவில். காங்கோ ஆற்றின் இரு கரைகளிலும் நேரெதிராக நிற்கும் ஊர்கள். நீங்கள் போவது கின்ஷாசா காங்கோவுக்கு. ஒப்பந்தம், அழைப்புக் கடிதம், விசா, காப்பீடு நான்கிலும் 'காங்கோ ஜனநாயகக் குடியரசு' என்று முழுப்பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். வெறும் 'காங்கோ குடியரசு' என்றிருந்தால் அது பக்கத்து நாடு. பாஸ்போர்ட்டில் உள்ள பெயரும் தகப்பனார் பெயரும் எல்லாக் காகிதத்திலும் எழுத்துக்கு எழுத்து ஒத்திருக்க வேண்டும். இனிஷியலை ஓரிடத்தில் விரித்தும் ஓரிடத்தில் சுருக்கியும் எழுதும் நம் பழக்கம் பிரெஞ்சு பேசும் நாட்டு அலுவலகங்களில் பெரிய தலைவலி.

டிப்ளமோ படித்திருப்பதால் உங்கள் பாஸ்போர்ட் ஈசிஎன்ஆர், அதாவது குடியேற்ற அனுமதி தேவைப்படாத வகையாகத்தான் இருக்கும். காங்கோவும் குடியேற்ற அனுமதி தேவைப்படும் 18 நாடுகளின் பட்டியலில் இல்லை. எனவே அனுமதி முத்திரை வேண்டாம். இதையே வசதியாக்கிக்கொண்டு பதிவில்லாத ஏஜென்ட்கள் ஆப்பிரிக்க வேலைகளைப் பிடித்துக்கொள்கிறார்கள். வெளியுறவு அமைச்சகத்தின் 'இ-மைக்ரேட்' தளத்தில் உங்கள் ஏஜென்டின் உரிம எண்ணைத் தேடிப் பாருங்கள். பதிவு பெற்ற ஏஜென்ட் வாங்கக்கூடிய அதிகபட்சச் சேவைக் கட்டணம் 30,000 ரூபாயும் அதற்கான ஜிஎஸ்டியும்தான். லட்சக்கணக்கில் கேட்டிருந்தால் பதில் உங்களுக்கே தெரியும்.

இனி உடம்பு. ஐந்து வாரம் போதும், ஆனால் முதல் வாரத்திலேயே தொடங்கினால்தான் போதும்.

மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசி இல்லாமல் அந்த நாட்டுக்குள் நுழைய முடியாது. ஒரே ஊசி, ஆயுளுக்கும் செல்லும். ஆனால் சான்றிதழ் செல்லுபடியாவது ஊசி போட்ட பத்தாம் நாளிலிருந்து. எட்டாம் நாள் விமானம் என்றால் கையில் சான்றிதழ் இருந்தும் பயனில்லை. தனியார் மருத்துவமனை எதிலும் போட்டுக்கொள்ளக் கூடாது, மத்திய அரசு அங்கீகரித்த மையங்களில் மட்டும்தான். சென்னையில் கிண்டி கிங் நோய்த்தடுப்பு நிலையமும் துறைமுகச் சுகாதார அலுவலகமும் இருக்கின்றன. தினமும் போடுவதில்லை, முன்பதிவு வேண்டும். மருந்துக் குப்பியை உடைத்தால் சில மணி நேரத்துக்குள் முடிக்க வேண்டும் என்பதால் ஆள் சேர்த்துத்தான் போடுவார்கள். அசல் பாஸ்போர்ட்டோடு போங்கள். முட்டை ஒவ்வாமை, தைமஸ் சுரப்பிக் கோளாறு, ஸ்டீராய்டு போன்ற எதிர்ப்புச் சக்தியைக் குறைக்கும் மருந்து ஏதேனும் இருந்தால் முன்பே சொல்லிவிடுங்கள். இது உயிருள்ள கிருமியை வலுவிழக்கச் செய்த ஊசி. அம்மைத் தடுப்பூசி போல இன்னொரு உயிர்க்கிருமி ஊசி போடுவதானால் அதே நாளில் போட வேண்டும், இல்லாவிட்டால் 28 நாள் இடைவெளி விட வேண்டும்.

இந்தச் சான்றிதழை ஒரு மஞ்சள் புத்தகமாகத் தருவார்கள். அதைக் காங்கோவுக்கான காகிதம் என்று மட்டும் நினைத்துப் பெட்டிக்குள் போட்டுவிடாதீர்கள். திரும்பி வரும்போதும் அது வேண்டும். மஞ்சள் காய்ச்சல் உள்ள நாட்டிலிருந்து செல்லுபடியாகும் சான்றிதழ் இல்லாமல் இந்தியாவில் இறங்கினால் ஆறு நாள் வரை தனிமைப்படுத்துவார்கள். நம் ஊரில் இந்த நோய் இல்லை. பரப்பும் ஏடிஸ் கொசு மட்டும் தாராளமாக இருக்கிறது. அதனால்தான் இவ்வளவு கெடுபிடி. புத்தகத்தை நெகிழி உறையில் போட்டுப் பாஸ்போர்ட்டோடு சேர்த்தே வைத்திருங்கள். தொலைந்தால் அங்கே புதிது வாங்குவது எளிதல்ல. நகலை அம்மாவிடமும் ஒன்று கொடுங்கள்.

மற்ற ஊசிகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். டைபாய்டு ஒன்று. டெட்டனஸ் பத்து வருடத்துக்குள் போடவில்லையென்றால் ஒன்று. ஹெபடைட்டிஸ் பி ஊசி முன்பு போட்டிராவிட்டால் 0, 7, 21 ஆம் நாட்களில் விரைவு அட்டவணைப்படி போட்டு, ஒரு வருடம் கழித்து நான்காவது. ஹெபடைட்டிஸ் ஏ நம்மில் பலருக்குச் சிறுவயதிலேயே வந்து போயிருக்கும், ரத்தப் பரிசோதனை செய்து பார்த்துவிட்டு முடிவெடுக்கலாம். போலியோ ஒன்று கட்டாயம் போட்டுக்கொள்ளுங்கள். காங்கோவில் தடுப்பு மருந்திலிருந்து திரிந்த போலியோ கிருமி இன்னும் பரவுகிறது. அங்கே நான்கு வாரத்துக்கு மேல் தங்குபவர்களுக்கு உலக சுகாதார நிறுவனமே அதைப் பரிந்துரைக்கிறது. மஞ்சள் புத்தகத்திலேயே பதிந்து வாங்குங்கள். வெறிநாய்க்கடிக்கு முன்கூட்டியே இரண்டு ஊசி, 0 மற்றும் 7ஆம் நாள். "நாய் கடித்தால் அப்போது பார்த்துக்கொள்ளலாம்" என்று இதைத் தள்ளிவிடுவார்கள். கடித்தபின் தேவைப்படும் இம்யூனோகுளோபுலின் மருந்து அங்கே கிடைப்பது கடினம். முன்பே போட்டவருக்கு அது தேவைப்படாது, கடித்தபின் இன்னும் இரண்டு ஊசியோடு முடிந்துவிடும். காலரா சொட்டு மருந்தைப் பற்றி மருத்துவரிடம் கேளுங்கள். கொல்வேசி இருக்கும் கட்டாங்கா பக்கம் காலரா வந்து போகும் இடம், ஆனால் நிறுவன முகாமில் தங்கிச் சுத்தமான குடிநீர் குடிப்பவருக்கு அது முதல் தேவையல்ல.

எபோலாவைக் கேட்கவில்லை, ஆனால் அம்மா அடுத்து அதைத்தான் கேட்பார். 2025 செப்டம்பரில் கசாய் மாகாணத்தில் வந்தது. அதற்கு முன் 2018 முதல் 2020 வரை கிழக்கே 2,200-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அது காற்றில் பரவும் நோயல்ல. நோயாளியின் உடல்நீர்கள், இறந்தவரின் உடல் ஆகியவற்றைத் தொடுவதால் பரவுகிறது. சக ஊழியர் வீட்டுச் சாவுக்குப் போனால் வாசலோடு துக்கம் கேட்டுத் திரும்புங்கள், காட்டு விலங்கு இறைச்சியைத் தொடாதீர்கள். உங்கள் வேலைக்கு அது போதும்.

மலேரியா

நீங்கள் கேட்டவற்றில் இதற்குத்தான் நீளமாகப் பதில் சொல்ல வேண்டும். உலகில் மலேரியா அதிகமுள்ள நாடுகளில் நைஜீரியாவுக்கு அடுத்தது காங்கோ. உலகத்து மலேரியாவில் எட்டில் ஒரு பங்கு அளவுக்கு அங்கேதான். அதுவும் நம் ஊரில் பெரும்பாலும் பார்க்கும் வைவாக்ஸ் வகை அல்ல, பால்சிபாரம். காய்ச்சல் தொடங்கி இரண்டு மூன்று நாளில் மூளையையும் சிறுநீரகத்தையும் தாக்கும் வகை. சின்ன வயதிலிருந்து அங்கேயே வளர்ந்தவர்களுக்கு ஓரளவு தாங்கும் சக்தி உண்டு, உங்களுக்குத் துளியும் கிடையாது. "இங்கே எல்லோருக்கும் மாதாமாதம் வருவதுதான், ஒரு மாத்திரை போட்டால் போய்விடும்" என்று அங்கே சொல்லும் நண்பர் பொய் சொல்லவில்லை. ஆனால் அது அவர் உடம்புக்கு.

கொல்வேசி கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,400 மீட்டர் உயரம். ஜூன், ஜூலை இரவில் ஸ்வெட்டர் போடும் அளவுக்குக் குளிரும். குளிர்கிறதே, கொசு இருக்காது என்று மாத்திரையை நிறுத்துவார்கள். மழை அக்டோபர் கடைசி, நவம்பரில் தொடங்கி மார்ச், ஏப்ரல் வரை போகும். நிறுத்தியவர்கள் அப்போதுதான் படுப்பார்கள்.

எனவே ஆம், தினமும் சாப்பிட வேண்டும். நம் ஊரில் எளிதாகக் கிடைப்பது டாக்சிசைக்ளின் 100 மில்லிகிராம். கிளம்புவதற்கு ஓரிரு நாள் முன்பு தொடங்கி, தினம் ஒன்று, திரும்பி வந்தபின் நான்கு வாரம் முழுவதும். சாப்பாட்டுக்குப் பின் ஒரு பெரிய டம்ளர் தண்ணீரோடு விழுங்கி அரை மணி நேரமாவது நிமிர்ந்து இருங்கள். இரவு படுக்கப் போகும்போது ஒரு மிடறு நீரில் விழுங்கினால் மாத்திரை உணவுக்குழாயில் ஒட்டிப் புண்ணாக்கிவிடும். நெஞ்சு எரிகிறது என்று பலர் நிறுத்துவதற்குக் காரணமே இந்தப் பழக்கம்தான். வெயிலில் தோல் சட்டென்று சிவக்கும், முழுக்கைச் சட்டை போடுங்கள். பால், அமிலமுறிவு மாத்திரை, இரும்புச் சத்து மாத்திரை இவற்றோடு சேர்த்துச் சாப்பிட்டால் மருந்து உடம்பில் சேராது. இன்னொரு மருந்து அடோவாகுவோன், புரோகுவானில் சேர்ந்தது. விலை அதிகம், ஆனால் திரும்பி வந்தபின் ஏழு நாள் போதும், தொல்லையும் குறைவு. விடுமுறைக்கு ஊர் வந்து போவதற்கு அது வசதி. எது என்பதை மருத்துவர் முடிவெடுக்கட்டும். குளோரோகுவினை மட்டும் யாராவது எழுதிக் கொடுத்தால் வேறு மருத்துவரிடம் போங்கள், அங்கத்திய பால்சிபாரத்துக்கு அது வேலை செய்யாது.

மாத்திரையோடு கொசுவலையும் வேண்டும். மருந்தூட்டிய வலை ஒன்று இங்கிருந்தே எடுத்துப் போங்கள், தொங்கவிடக் கயிறும் நாலு கொக்கியும் சேர்த்து. மலேரியா கொசு கடிப்பது பொழுது சாய்ந்ததிலிருந்து விடியும்வரை. இரவு ஷிப்ட் உங்களுக்கு உண்டு என்றால் வலை அந்த நேரத்தில் உதவாது. டீட் என்ற கொசுவிரட்டி மருந்து 30 சதவீதத்துக்கு மேல் உள்ள களிம்பைக் கழுத்து, கணுக்கால், கை மணிக்கட்டுகளில் பூசிக்கொண்டு போங்கள்.

எல்லாம் செய்தும் காய்ச்சல் வரலாம். வந்த அன்றே ரத்தம் பார்க்க வேண்டும், மறுநாள் அல்ல. முதல் பரிசோதனையில் இல்லை என்று வந்தாலும் பன்னிரண்டு மணி நேரம் விட்டு மறுபடி, பிறகு இன்னொரு முறை. மூன்று முறையும் இல்லை என்றால்தான் இல்லை. பால்சிபாரம் காட்டும் விரைவுச் சோதனைக் கிட் ஐந்தாறும், ஆர்ட்டிமெதர்-லுமெபான்ட்ரின் என்ற மலேரியா மருந்து ஒரு முழுக் கோர்ஸும் இங்கிருந்தே மருத்துவர் சீட்டோடு வாங்கிப் போங்கள். வயதுவந்தவருக்கு ஒரு வேளைக்கு 80/480 மாத்திரை ஒன்று. முதல் வேளை, எட்டு மணி நேரம் கழித்து இரண்டாவது, பிறகு காலை மாலை என இரண்டு நாள், மொத்தம் ஆறு வேளை. பாலோ கொழுப்புள்ள உணவோ சேர்த்துச் சாப்பிட்டால்தான் உடம்பில் ஏறும். இது மருத்துவமனைக்குப் போக முடியாத இரவுக்கான கைக்காவல். மருத்துவமனை கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்போது அதற்குப் பதில் அல்ல. மருந்தை அங்கே போய் வாங்கலாம் என்று விடாதீர்கள், சந்தையில் போலி மாத்திரைகள் அதிகம்.

சாலையும் சோதனைச் சாவடியும்

பெரும்பாலும் டெல்லி அல்லது மும்பையிலிருந்து எத்தியோப்பியாவின் அடிஸ் அபாபா வழியாக ஹோ-கட்டாங்காவின் தலைநகர் லுபும்பாஷி போவீர்கள். நடுவில் தங்க நேர்ந்து அடிஸ் அபாபாவில் விமான நிறுவனம் ஹோட்டல் கொடுத்தால், விமான நிலையத்தை விட்டு வெளியேறிய கணக்கு. அந்த நாட்டு விசா விதியையும் முன்பே பாருங்கள். உள்நாட்டு விமானங்களைப் பற்றி ஒரு தகவல் போதும்: காங்கோவில் உரிமம் பெற்ற எல்லா விமான நிறுவனங்களும் ஐரோப்பிய ஒன்றியத்தின் தடைப் பட்டியலில் இருக்கின்றன.

லுபும்பாஷியில் இறங்கியதும் முதலில் மஞ்சள் புத்தகம் கேட்பார்கள், அப்புறம்தான் பாஸ்போர்ட். நிறுவனம் ஆளனுப்பும், அவரை அங்கே 'புரோட்டோகோல்' என்பார்கள். அவர் பெயர், புகைப்படம், போன் எண் மூன்றும் கிளம்பும் முன்பே உங்கள் போனில் இருக்க வேண்டும். உதவுகிறேன் என்று பாஸ்போர்ட்டை வாங்க வரும் வேறு யாரிடமும் கொடுக்காதீர்கள். விமானம் இரவில் இறங்குவதாக இருந்தால் அன்றிரவு லுபும்பாஷியிலேயே தங்க ஏற்பாடு கேளுங்கள்.

ஏனென்றால் அங்கிருந்து கொல்வேசி லிகாசி வழியாகச் சுமார் 300 கிலோமீட்டர். பெயருக்குத் தேசிய நெடுஞ்சாலை, ஓடுவதெல்லாம் தாதும் செம்புத் தகடும் கந்தக அமிலமும் ஏற்றிய லாரிகள். 2019இல் இதே சாலையில் அமில லாரி ஒன்று விபத்துக்குள்ளாகிப் பலர் இறந்தார்கள். அங்கே சாலையின் வலப்புறம் ஓட்டுவார்கள். ஆனால் சாம்பியா வழியாக வந்த வண்டிகள் பலவற்றில் ஸ்டியரிங்கும் வலப்புறமே இருக்கும். முந்தும்போது ஓட்டுநருக்கு எதிரே வருவது தெரியாது. அதனால் பகலில் மட்டும், நிறுவன வண்டியில், பின் இருக்கையிலும் பெல்ட் போட்டு. ஓட்டுநர் ஓட்டும் விதம் பிடிக்காவிட்டால் நிறுத்தச் சொல்ல வெட்கப்படாதீர்கள். நடந்து சாலை கடக்கும்போது நம் பழக்கத்துக்கு எதிர்ப்பக்கம் பார்க்க வேண்டும். ஊருக்குள் பங்கு டாக்சியில் ஏறவே வேண்டாம், ஏற்கெனவே உள்ளே இருக்கும் 'பயணி'கள்தான் திருடர்களாக இருப்பார்கள்.

சீருடையில் வந்து வண்டியை மறித்தால் கதவைப் பூட்டி, கண்ணாடியை இரண்டு விரல் அளவு மட்டும் இறக்கி, பாஸ்போர்ட், விசா பக்கங்களின் சான்றுறுதி செய்த நகலைக் காட்டுங்கள். அசலைக் கையில் கொடுத்தால் திரும்ப வாங்கப் பேரம் தொடங்கும். குரலை உயர்த்தாமல், சிரித்த முகமாக, நிறுவனப் பாதுகாப்பு அதிகாரிக்கு அங்கேயே போன் போடுங்கள். பெரும்பாலான மறிப்புகள் பத்து நிமிடப் பொறுமையில் தானாகக் கலையும். அவசரப்படுபவர்தான் பணம் கொடுக்கிறார். பிரெஞ்சில் வணக்கம், நன்றி, "என் நிறுவனத்துக்கு போன் செய்கிறேன்" மட்டும் மனப்பாடம் செய்யுங்கள். கட்டாங்காவில் சுவாஹிலி பேசுவார்கள். 'ஜம்போ' என்று சொன்னாலே முகம் மாறும்.

போட்டோ விஷயத்தில் மிகக் கவனம். விமான நிலையம், பாலம், ராணுவம், அரசுக் கட்டடம், சுரங்கம் எதையும் எடுக்கக் கூடாது, வண்டிக்குள்ளிருந்தும் கூடாது. ட்ரோன், வாக்கிடாக்கி, சாட்டிலைட் போன், பைனாகுலர், ராணுவ நிறத் துணி எடுத்துப் போகாதீர்கள். திரும்பும்போது பச்சை மாலகைட் கல், தாதுத் துண்டு என்று நினைவுக்காக எதையும் பெட்டியில் போடாதீர்கள். உரிய காகிதம் இல்லாத கனிமத்தோடு விமான நிலையத்தில் மாட்டுவது வீண் வழக்கு.

சுரங்கத்துக்குள்ளேயும் ஒரு ஆபத்து உண்டு. உரிமம் இல்லாமல் கையால் தோண்டும் ஆயிரக்கணக்கானோர் அந்த வட்டாரத்தில் இருக்கிறார்கள், 'க்ரூசர்' என்பார்கள். வேலி தாண்டி வருவார்கள், காவலுக்கு ராணுவம் நிற்கும். 2025 நவம்பரில் லுவாலாபாவின் கலாண்டோ சுரங்கத்தில் நெரிசலில் பாலம் சரிந்து 30க்கும் மேற்பட்டோர் இறந்தனர். வேலி ஓரத்தில் கூச்சல், துப்பாக்கிச் சத்தம் கேட்டால் என்னவென்று பார்க்கப் போகாமல் எதிர்த்திசையில் நடங்கள். கூடும் இடம் எது என்று முதல் நாளே கேட்டுவையுங்கள்.

காப்பீட்டில் பலர் ஏமாறுகிறார்கள். ஆன்லைனில் கிடைக்கும் சாதாரணப் பயணக் காப்பீடு உங்களுக்கு உதவாது. வேலை, சுரங்கம், உள்நாட்டுக் கலவரம் மூன்றும் விலக்குப் பட்டியலில் இருக்கும். நிறுவனத்தின் குழுக் காப்பீட்டில் உங்கள் பெயர் சேர்ந்ததற்கான சான்றிதழைக் கேளுங்கள். மருத்துவ விமானத்தில் ஜோகன்னஸ்பர்க் வரை தூக்கிச் செல்லும் செலவு அதில் அடங்குமா, முடிவெடுப்பது யார், இரவு இரண்டு மணிக்கு எந்த எண்ணுக்கு அழைப்பது என்று எழுத்தில் வாங்குங்கள். பெரிய அடிபட்டால் கொல்வேசியில் தாக்குப்பிடிக்க மட்டும்தான் முடியும், சிகிச்சை வேறு நாட்டில். கைக்காசில் அந்த விமானத்தை அமர்த்துவது நம்மைப் போன்றவர்களால் ஆகாது. இந்தச் சான்றிதழும் வேலை விசாவும் கிளம்பும் முன் கைக்கு வராவிட்டால் போக வேண்டாம். வந்துவிட்டால், மேலே சொன்னபடி நடந்துகொள்வதானால், போகலாம் என்பதே என் கருத்து.

பணம்: அங்கே அமெரிக்க டாலர் புழங்குகிறது. 2013க்குப் பிறகு அச்சான, மடிப்பும் கிழிசலும் எழுத்தும் இல்லாத நோட்டு மட்டும் வாங்குங்கள். ஊசித் துளை இருந்தாலும் வேண்டாம் என்பார்கள். ரிசர்வ் வங்கி விதிப்படி ஒரு பயணத்துக்கு 3,000 டாலர் வரை நோட்டாக எடுக்கலாம். ஐந்நூறைத் தொடாமல் வைத்திருங்கள், அது தப்பிக்கும் பணம். சம்பளம் கிடைக்காமல் போனாலும் ஊர் திரும்பும் டிக்கெட்டுக்கு யாரையும் கேட்க வேண்டியிருக்காது. பாஸ்போர்ட்டை நிறுவனம் 'பாதுகாப்பாக' வாங்கி வைப்பதாகச் சொன்னால், விசா வேலைக்கு மட்டும், ரசீது எழுதி வாங்கிக்கொண்டு, திரும்பத் தரும் தேதியோடு கொடுங்கள்.

நிலைமை கெட்டால் வெளியேறும் வழி லுபும்பாஷி விமான நிலையம். இரண்டாவது வழி தெற்கே காசும்பலேசா எல்லை தாண்டிச் சாம்பியா. அதன் நுழைவு விதியை இப்போதே பார்த்து, விசா வேண்டியிருந்தால் வாங்கி வையுங்கள். ஆனால் அந்த எல்லையையும் முழுதாக நம்ப முடியாது. 2024 ஆகஸ்டில் குளிர்பான, பீர் இறக்குமதித் தகராறில் சாம்பியா அதை மூடிவிட்டது. போய்ச் சேர்ந்த வாரமே கின்ஷாசா இந்தியத் தூதரகத்தில் பதிவு செய்யுங்கள். அது ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கிறது, ஓடி வந்து கூட்டிப் போகாது. ஆனால் வெளியேற்றம் என்று வந்தால் பட்டியலில் பெயர் இருப்பவரைத்தான் முதலில் தேடும்.

அம்மாவுக்கு ஒரு தாளில் எழுதிக் கொடுங்கள்: நிறுவனத்தின் முழுப்பெயர், முகாம் முகவரி, மனிதவள அதிகாரி எண், காப்பீட்டு எண், தூதரக எண், உங்கள் ரத்த வகை. கொல்வேசி நேரம் நம்மைவிட மூன்றரை மணி நேரம் பின்னால். எந்த நாள் எத்தனை மணிக்குப் பேசுவீர்கள் என்று முடிவு செய்துகொள்ளுங்கள். ஒரு வேளை தவறினால் பதற வேண்டாம், இரண்டு நாள் தவறினால் நிறுவனத்துக்கு அழைக்கட்டும். 2018 தேர்தல் முடிந்த கையோடு அந்த நாட்டு அரசு இணையத்தையே மூன்று வாரம் நிறுத்தி வைத்தது. வாட்ஸ்அப் மௌனமானால் சாதாரண அழைப்பில் பேச, வீட்டு போனில் வெளிநாட்டு அழைப்பு வசதி இருக்கட்டும். உங்களுக்கும் அவருக்கும் மட்டும் தெரிந்த ஒரு கேள்வியும் பதிலும் வைத்துக்கொள்ளுங்கள். "உங்கள் மகன் கைதாகிவிட்டான், பணம் அனுப்புங்கள்" என்று யாராவது அழைத்தால் அம்மா அந்தக் கேள்வியைக் கேட்கட்டும்.

வருடம் முடிந்து ஊர் வந்தபின் மூன்று மாதத்துக்குள் காய்ச்சல் வந்தால் டெங்கு, டைபாய்டு என்று நாள் கடத்த விடாதீர்கள். மருத்துவர் கேட்காவிட்டாலும் "காங்கோவிலிருந்து வந்தேன், மலேரியாவுக்கு ரத்த ஸ்மியர் பாருங்கள்" என்று நீங்களே சொல்லுங்கள்.

பொடியும் ஊறுகாயும் எடுத்துப் போகலாம். வீட்டில் அரைத்த பருப்புப்பொடியைப் பெயரில்லாத நெகிழிப் பையில் கட்டாமல், கடையில் சீலிட்ட, பெயர் அச்சிட்ட பாக்கெட்டாக வாங்குங்கள். மொழி புரியாத சுங்க மேசையில் வெள்ளைப் பொடியும் பழுப்புப் பொடியும் என்னவென்று விளக்குவது கடினம். ஊறுகாய் பாட்டிலை இரட்டை உறையில் சுற்றிப் பெரிய பெட்டியில் போடுங்கள். மாத்திரைகளும் மஞ்சள் புத்தகமும் கைப்பையில் வரட்டும்.